மேடையில் நாலு காலி நாற்காலி

கிறிஸ்துதாஸைக் கெடுத்தது அவருடைய மூஞ்சிதான். சப்பை மூக்கு, இடுங்கின கண், தாடையில் மூணு நாலு முடி. பூந்தமல்லியிலும் ஆவடியிலுமாக ஐம்பது வருஷத்துக்கு மேல் குடியிருந்தாயிற்று. சந்தையில் கத்திரிக்காய் விலை பேசினால் அசல் மெட்ராஸ்காரனே நாலடி தள்ளி நிற்பான். அப்படியும் 'சைனாக்காரரு' என்கிற பட்டம் அவரை விட்டுப் போகவில்லை. அவர் சைனாக்காரரும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை. பர்மாவில் மோல்மேன் என்கிற ஊரில் அரிசி மில் மேஸ்திரியாக இருந்த ஒரு தமிழ்க் கத்தோலிக்கருக்கும், அந்த ஊர்க்காரி ஒருத்திக்கும் பிறந்தவர். அம்மா ஜாடை அப்படியே உரித்து வைத்தாற்போல் வந்துவிட்டது. அதற்கு அவர் என்ன பண்ணுவார், பாவம்.

அந்த ஜாடையில் பாதி மகள் ஞானகுமாரிக்கும் வந்து சேர்ந்தது. பெண் பார்க்க வந்தவர்கள் டீயைக் குடித்துவிட்டு, "பூர்வீகம் எது, நேபாளமா?" என்று கேட்டுவிட்டுப் போனார்கள். போனவர்கள் போனவர்கள்தான். நாற்பத்தாறு வயதில் அவள் ஆவடியில் ஒரு ராணுவ ஃபாக்டரியில் ஸ்டோர்ஸ் கிளார்க். அம்மா சகாயம்மாள் காலமாகிப் பதினைந்து வருஷம் ஆயிற்று. குவார்ட்டர்ஸில் அப்பனும் மகளும்தான்.

அவருக்கு எண்பது. சும்மா உட்காரத் தெரியாத மனுஷன். அக்கம்பக்கத்து ரேடியோ, தையல் மிஷின், குடை, சுவர்க்கடிகாரம் எது கெட்டுப்போனாலும் 'சைனாக்காரர்' வீட்டுக்கு வந்துவிடும். அந்தக் கை ஒரு காலத்தில் சினிமா எடுத்த கை என்பது குவார்ட்டர்ஸில் ஒருத்தருக்கும் தெரியாது. தெரிய விட்டதும் இல்லை.

ரங்கூனில் ஒரு ஊமைப்படக் கம்பெனியில் கேமராவைத் துடைக்கிற வேலையில் சேர்ந்து, அதைச் சுற்றுகிற வேலைக்கு உயர்ந்து, 1934ல் கப்பலேறி வந்தவர் அவர். அப்பன் பேசின பாஷை பேசுகிற ஊர் என்று ஒரு ஆசை. மாங்காட்டுப் பக்கம் ஒரு மாந்தோப்பை வளைத்துப் போட்டு ஒரு முதலாளி டாக்கி கம்பெனி ஆரம்பித்திருந்தார். முதலாளிக்கு ஆசை ஆகாசத்தில்; கையோ பிசினாறி. ஆள் ஒன்று, வேலை ஒன்பது என்றால் அவருக்குக் கசக்குமா? கிறிஸ்துதாஸைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்.

'வேங்கைமலைக் கன்னி' என்று ஒரு படம். டைரக்‌ஷன் கிறிஸ்துதாஸ். கேமரா கிறிஸ்துதாஸ். வசனமும் அவரேதான், அவர் தமிழ் படித்ததே ஜெபப் புத்தகத்தில் என்பதால் வில்லன்கூட ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கம் மாதிரிதான் பேசுவான். ஒலிப்பதிவு, எடிட்டிங், ஓலைத்தட்டியில் அரண்மனை, பகலில் வெளிச்சத்தைத் திருப்பிப் போட டீப்பெட்டி தகரம், எல்லாம் அவர் கைவேலை. கதாநாயகி கிணற்றில் குதிக்க மாட்டேன் என்று அழுதபோது, அந்தம்மா புடவையைக் கட்டிக்கொண்டு குதித்ததும் அவரே. வாடகைக்குக் கொண்டுவந்த புலி கிழப்புலி. கறி போட்டாலும் கொட்டாவி, குச்சியால் குத்தினாலும் கொட்டாவி. கடைசியில் ஒரு மண்பானைக்குள் தலையை விட்டு, தொண்டை கிழிய இவரே உறுமி அதைப் பதிவு பண்ணினார்.

படத்துக்கு டைட்டில் எழுதுகிற அன்றைக்குத்தான் முதலாளி குறுக்கே விழுந்தார். ஒரே பேர் வரிக்கு வரி வந்தால் இது பிச்சைக்காரக் கம்பெனி என்று ஜனம் சிரிக்கும் என்றார். டைரக்‌ஷன் என்றால் வங்காளத்துப் பேர் இருக்க வேண்டும். கேமராவுக்குப் பம்பாய்ப் பேர். வசனத்துக்குத் தஞ்சாவூர்ப் பேர். சவுண்டுக்கு வெள்ளைக்காரப் பேர். அப்போதுதான் நாலு ஊரிலிருந்தும் ஆள் வரவழைத்த பெரிய கம்பெனி என்று மதிப்பார்கள். அப்படிப் பிறந்தவர்கள்தான் நிர்மல் கோஷாலும், ரத்தன்ஜியும், பஞ்சாபகேசனும், வில்லியம் டாஸனும். நாலு பேருக்கும் பேர் வைத்தவர் கிறிஸ்துதாஸே. அவருடைய சொந்தப் பேர் கடைசியில், 'மேக்கப் உதவி' என்பதற்குக் கீழே பொடி எழுத்தில் வந்தது. அவர் அதை விளையாட்டாகத்தான் எடுத்துக்கொண்டார். ஆறு வருஷத்தில் நாலு படம், நாலிலும் அந்த நாலு பேர். கம்பெனிக்கு வரும் கடிதங்களில் கோஷாலைப் பாராட்டி எழுதியிருந்தால் பஞ்சாபகேசன் சார்பில் பொறாமைப்படுவதாகச் சொல்லிச் சிரிப்பாராம்.

அந்தச் சிரிப்பு 1942 வரைக்கும்தான். ஜப்பான்காரன் குண்டு போடப்போகிறான் என்று மெட்ராஸே மூட்டை கட்டிக்கொண்டு ஓடிய நேரம். அந்த மூஞ்சியோடு, கையில் கேமராவோடு, பூந்தமல்லி ரோட்டில் ஒருத்தன் நின்றால் விடுவார்களா? பிடித்துக்கொண்டு போனார்கள். பெட்டியைக் குடைந்தபோது அந்த நாலு பேருக்கும் வந்த கடிதங்கள். ஒரு காக்கிச்சட்டை அந்த நாலு பேர்களையும் ஒவ்வொன்றாகப் படித்து, "இவங்களை உனக்குத் தெரியுமா?" என்று கேட்டது. இவர் உள்ளதைச் சொன்னார், நாலும் நான்தான் என்று. ஒரு மனுஷனுக்கு எதற்கு ஐந்து பேர், வேவுக்காரனுக்குத்தான் வேண்டும் என்று சொல்லி அடித்தார்கள். பதினொரு நாள். பிறகு முதலாளி வந்து ஜாமீன் சொன்னார். ஒரு காகிதத்தில் எழுதி முத்திரை போட்டுக் கொடுத்தார்கள்: கிறிஸ்துதாஸ், பிறப்பு மோல்மேன், இன்ன இன்ன நாலு பேர்களும் தன்னுடையவையே என்று ஒப்புக்கொண்டவன், வாரம் ஒருமுறை வந்து கையெழுத்துப் போட வேண்டியது. வெளியே வந்ததும் முதலாளி சொன்ன புத்திமதி ஒன்றுதான். இனிமேல் எவன் கேட்டாலும் நாலு பேரும் வேற ஆளு, ஊருக்குப் போயிட்டாங்கன்னு சொல்லு. சொல்லிவிட்டு, அவரையும் கம்பெனியை விட்டு அனுப்பிவிட்டார்.

அப்போது ஞானகுமாரி அம்மா வயிற்றில். இதெல்லாம் அம்மா சொல்லித்தான் அவளுக்குத் தெரியும். அப்பா வாயில் அந்த நாலு பேர்களும் வந்ததே இல்லை. அந்தக் காகிதத்தை மட்டும் சகாயம்மாள் எரிக்க விடாமல் டிரங்குப் பெட்டி அடியில் போட்டு வைத்தாள். வாங்கின அடிக்கு அத்தாட்சியாம்.

1964ல் ஞானகுமாரிக்கு ஃபாக்டரியில் வேலை வந்தது. சைனாவோடு சண்டை நடந்து இரண்டே வருஷம். அந்தச் சண்டையின்போது தெருவில் போன அவர் மேல் எவனோ கல்லைவிட்டு எறிந்த காயம் நெற்றியில் இன்னும் இருந்தது. ஃபாரத்தில் 'தகப்பனார் பிறந்த ஊர்' என்று ஒரு கட்டம். அவர் யோசிக்கவே இல்லை, பூந்தமல்லி என்று போடச் சொன்னார். அவளும் போட்டாள். பொய்த் தகவல் கொடுத்தால் வேலை நீக்கம் என்று அடியில் கொட்டை எழுத்தில் அச்சடித்திருந்ததை அவள் கையெழுத்துப் போட்ட பிறகுதான் படித்தாள். இருபத்து நாலு வருஷமாக அந்த ஒரு வரி அவள் வயிற்றில் கல்லாகக் கிடந்தது.

1988 தை மாதம் பேப்பரில் ஒரு செய்தி. மாங்காட்டில் மூடிக்கிடந்த டெண்டுக் கொட்டகை ஒன்றைப் பிரித்தபோது 'வேங்கைமலைக் கன்னி'யின் ரீல் பெட்டிகள் இரண்டு கிடைத்தனவாம். நாகேந்திரன் என்கிற காலேஜ் வாத்தியார் அதை வைத்துப் புத்தகம் எழுதுகிறாராம், அம்பத்தூரில் விழா எடுக்கப் போகிறார்களாம். 'தமிழ் சினிமாவின் மறக்கப்பட்ட நால்வர்' என்று தலைப்பு. ஞானகுமாரி அந்தச் செய்தியை ஸ்டோர்ஸில் நின்றபடியே நாலு தரம் படித்தாள். சாகிறதுக்குள் ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, இந்த மனுஷன் பேரை நாலு பேர் மத்தியில் உரக்கச் சொல்லக் கேட்டுவிட வேண்டும் என்று வெறியே வந்தது.

ஃபாக்டரி செக்யூரிட்டியில் லோகநாதன் என்று ஒருத்தன், நல்ல மாதிரி. பேச்சுவாக்கில் அவனிடம் அப்பா அந்தப் படத்தில் வேலை செய்தவர் என்று மட்டும் சொன்னாள். அவன் குதித்தான். நாகேந்திரன் அவனுக்கு மச்சானாம், அக்கா புருஷன். ஞாயிற்றுக்கிழமை தானே இட்டுகினு வருவதாகச் சொல்லிவிட்டான். எங்கே பிறந்தார் என்கிற பேச்சை எடுக்காமல் நாலு பேர் விஷயத்தை மட்டும் அப்பாவே தன் வாயால் சொல்லட்டும் என்பது அவள் கணக்கு. விஷயத்தைச் சொன்னால் கிழவர் மறுப்பார் என்று, அவரிடம் முன்கூட்டி மூச்சு விடவில்லை. அவள் செய்த முட்டாள்தனம் அதுதான்.

லோகநாதனுக்கு அன்றைக்கு டியூட்டி. நேராக கேட்டிலிருந்து வந்துவிட்டான், காக்கிச்சட்டையும் பூட்ஸுமாக. கிறிஸ்துதாஸ் கட்டிலில் உட்கார்ந்து யாருடைய ரேடியோவையோ பிரித்துக்கொண்டிருந்தார். ஞானகுமாரி டீ போட உள்ளே போனாள். நாகேந்திரன் டேப் ரெக்கார்டரை வைத்து, நோட்டைத் திறந்து, நாலு பேர்களையும் ஒவ்வொன்றாகப் படித்து, இவர்களை உங்களுக்குத் தெரியுமா ஐயா என்று மரியாதையாகத்தான் கேட்டார். பக்கத்தில் காக்கிச்சட்டை நிற்கிறது. கிழவருக்கு நாற்பத்தாறு வருஷம் ஒரே எட்டில் திரும்பி வந்துவிட்டது.

ஞானகுமாரி டீத்தட்டோடு வரும்போது அவர் பேசிக்கொண்டிருந்தார். வீட்டில் பத்து வார்த்தை சேர்ந்தாற்போல் பேசாத மனுஷன் மடைதிறந்தாற்போல் பேசினார். கோஷால் பாபு வெற்றிலை போட்டுப் போட்டுப் பல்லெல்லாம் சிவப்பு. ரத்தன்ஜி கேமராவுக்குப் பொட்டு வைக்காமல் தொட மாட்டார். பஞ்சாபகேசன் பொடி போடுவார், கோபக்காரர். டாஸன் துரைக்கு ரசம் என்றால் உயிர். நாலு பேரும் ஜப்பான் சண்டைக்கு முன்னாலேயே அவங்கவங்க ஊருக்குப் போயிட்டாங்க. நான் மேக்கப் உதவிங்க, வேற எதுவும் தெரியாதுங்க. கதை கட்டுகிற பழைய கை அது, எங்கே தொட்டாலும் நிஜம் மாதிரியே நின்றது. நாகேந்திரன் சொக்கிப்போய் எழுதிக்கொண்டார். சொன்னதற்கு அடியில் கையெழுத்தும் வாங்கிக்கொண்டார்.

அவர்கள் போனதும் ஞானகுமாரி தலையில் அடித்துக்கொண்டாள். ஏன் நைனா இப்படிப் பண்ணீங்க என்று கத்தினாள். அவர் எழுந்து போய்க் கதவைத் தாழ் போட்டுவிட்டு வந்தார்.

"காக்கிச்சட்ட போட்டுகினு வந்து நிக்கிறான். இன்னா சொல்லச் சொல்ற? அவன் ஃபாக்டரிக்காரன். ஃபாரத்துல நீ எழுதுனது வெளிய வந்தா உன் வேல இன்னா ஆவுறது?"

அவளுக்கு மனசு ஆறவில்லை. அடுத்த வாரமே அம்பத்தூரில் நாகேந்திரன் வீட்டுக்குப் போய், நாலு பேரும் எங்கப்பாதான் என்று போட்டு உடைத்தாள். அவர் கோபப்படவில்லை, அனுதாபமாகச் சிரித்தார், அதுதான் அவளுக்குப் பற்றி எரிந்தது. மேடம், உங்கப்பாவே டேப்பில் சொல்லி, கையெழுத்தும் போட்டிருக்கிறாரே என்றார். பெற்றவர்கள் மேல் பாசம் இருந்தால் இப்படித் தோன்றும்தான் என்றார். ஆதாரம் ஏதாவது இருக்கிறதா?

இருக்கிறது என்று வாய்வரை வந்துவிட்டது. போலீஸ் காகிதம் ஒன்று உண்டு என்று சொல்லியும் விட்டாள். அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். அதைக் கொண்டுவந்து காட்டுங்கள், விழா மேடையிலேயே அறிவிக்கிறேன், படம் பிடித்துப் புத்தகத்தில் போடுகிறேன், லோகநாதனும் சந்தோஷப்படுவான் என்றார். அந்தக் கடைசி வார்த்தையில் அவளுக்குக் குப்பென்று வியர்த்தது. பிறப்பு மோல்மேன் என்று அதே காகிதத்தில் முதல் வரியிலேயே இருக்கிறதே.

ஒன்றரை மாதம் அவள் பட்ட பாடு கொஞ்சநஞ்சம் இல்லை. காகிதத்தை எடுப்பாள், படிப்பாள், திரும்பப் பெட்டிக்குள் போடுவாள். காட்டினால் அப்பனுக்குப் பேர். காட்டினால் தனக்கு வேலை போய், குவார்ட்டர்ஸ் போய், நாளைக்கு இரண்டு பேருக்கும் நடுத்தெரு. விழா அன்றைக்கு எது வந்தாலும் வரட்டும் என்று அதை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டு கிளம்பினாள்.

அம்பத்தூரில் ஒரு கல்யாண மண்டபம். கூட்டம் பரவாயில்லை. மேடையில் பேச்சாளர்களுக்குப் பக்கத்தில் தனியாக நாலு நாற்காலி, நல்ல தேக்கு நாற்காலிகள். ஒவ்வொன்றிலும் ஒரு பேர் எழுதிய அட்டை, ஒரு ரோஜா மாலை. வாரிசுகள் கிடைக்காததால் அந்த நால்வரும் மானசீகமாக நம்மோடு அமர்ந்திருக்கிறார்கள் என்று நாகேந்திரன் மைக்கில் சொன்னபோது ஜனம் எழுந்து நின்றது. முன்வரிசையில் கிறிஸ்துதாஸும் எழுந்து நின்றார்.

மிஞ்சியிருந்த இருபது நிமிஷப் படத்தைக் காட்டினார்கள். மழை பெய்கிற மாதிரி கோடு. ஆனாலும் தெரிந்தது. புலி வந்தது, வாயைத் திறந்தது, மண்டபமே அதிர உறுமியது. விசில் பறந்தது. ஞானகுமாரி திரையைப் பார்க்கவில்லை, அப்பாவைப் பார்த்தாள். அவர் வாய் திறந்து, கழுத்து நரம்பு புடைத்து, சத்தமில்லாமல் கூடவே உறுமிக்கொண்டிருந்தார். அந்தக் காலத்திலேயே ஒரு மிருகத்தின் குரலை இத்தனை துல்லியமாகப் பிடித்த டாஸனின் திறமையே திறமை என்று நாகேந்திரன் உருகினார்.

பிறகு அவரைக் கூப்பிட்டார்கள். நால்வரையும் அருகில் இருந்து பார்த்த கடைசி மனிதர், மேக்கப் உதவியாளர் திரு கிறிஸ்துதாஸ் அவர்களுக்குப் பொன்னாடை. படியேறியதில் அவருக்கு முட்டி பிசகிவிட்டது. பொன்னாடையைப் போர்த்தியதும் தள்ளாடி, பக்கத்தில் இருந்த நாற்காலியின் முதுகைப் பிடித்தார். கோஷால் நாற்காலி. மாலையை ஒதுக்கிவிட்டு உட்காரப் போனார்.

"பெரியவரே, பெரியவரே, அது அவங்களுக்கு. நீங்க கீழ போயி ஒக்காருங்க," என்று பேட்ஜ் குத்திய ஒருத்தன் ஓடிவந்து தோளைப் பிடித்தான். மண்டபம் கொல்லென்று சிரித்தது. கெட்ட எண்ணத்தில் இல்லை, வயசானவரைப் பார்த்துச் சிரிக்கிற சிரிப்பு.

மேடையிலிருந்து நாகேந்திரன் அவளைப் பார்த்தார். கொண்டுவந்தீர்களா என்கிற மாதிரி புருவத்தை உயர்த்தினார். அவள் கை பைக்குள்தான் இருந்தது, காகிதத்தின் மடிப்பு விரலில் தட்டுப்பட்டது. பக்கத்து நாற்காலியில் லோகநாதன் அவள் அப்பாவுக்காக விழுந்து விழுந்து கைதட்டிக்கொண்டிருந்தான். அவள் கையை வெளியே எடுத்து, பையின் ஜிப்பை இழுத்து மூடினாள். நாகேந்திரன் மைக் பக்கம் திரும்பிக்கொண்டார். அப்பா ஒவ்வொரு படியாகக் கைபிடித்து இறங்கி வந்தார்.

பஸ்ஸில் அவர் மூன்று தரம் கேட்டார், புலிச் சத்தத்துக்குக் கைதட்டினாங்களே, பாத்தியா என்று. மூன்று தரமும் பார்த்தேன் நைனா என்றாள். வீட்டுக்கு வந்து பொன்னாடையை மடித்துக் கொடுத்தபோதுதான் மீதியைச் சொன்னார்.

"நல்ல காலம், நீ வாயத் தொறக்கல. அந்தக் காயிதத்த எரிச்சுடு. உனுக்கு இன்னும் பன்னெண்டு வருசம் சர்வீஸ் கீது."

மறுநாள் காலையில் பால் காய்ச்சுவதற்கு முன்னால் ஸ்டவ்வில் வைத்து எரித்தாள். பழைய காகிதம், ஒரு நொடிகூட நிற்கவில்லை. தன்னைப் போல ஒரு பாவி இந்த ஆவடியில் உண்டா என்று நினைத்துக்கொண்டே பாலை அடுப்பில் வைத்தாள். இரண்டு மாதம் கழித்துப் புத்தகம் வந்தது. கோஷாலின் பல்லும், டாஸனின் ரசமும் அதில் ஒரு முழு அத்தியாயம்.

1990 ஆகஸ்டில் கிறிஸ்துதாஸ் போய்ச் சேர்ந்தார். பூந்தமல்லிக் கல்லறையில் அம்மா பக்கத்திலேயே இடம். அடக்கம் முடிந்ததும் உபதேசியார் ஜேம்ஸ் கோயில் அறையில் பெரிய ரெஜிஸ்தரைத் திறந்து வைத்துக்கொண்டு கேட்டார்: பேர், தகப்பன் பேர், வயசு, பிறந்த ஊர். இருபத்தாறு வருஷப் பழக்கம், அவள் வாய் தானாகச் சொன்னது, பூந்தமல்லி. ஜேம்ஸ் மையைத் தொட்டு எழுதினார்.

வெளியே வேப்ப மரத்தடியில் லோகநாதன் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றிருந்தான். அழுதிருந்தான். அவளைப் பார்த்ததும் கிட்டே வந்து கேட்டான்.

"அக்கா, தப்பா நெனச்சிக்காத. நைனா பர்மாவா? மொத நாளே கேக்கணும்னு இருந்தேன். எங்கம்மா மூஞ்சி அச்சு அசல் அப்படித்தான் இருக்கும்."

அவன் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டு போனான். அவன் ரங்கூனில் பிறந்தவனாம். அறுபத்து நாலில் கப்பலில் வந்து இறங்கினபோது பதினோரு வயசாம். அவள் பயந்து பயந்து பொய் எழுதின அதே வருஷம்.

"ஃபாரத்துல அப்படியே எழுதிக் குடுத்தேன்க்கா, பொறந்தது ரங்கூன்னு. பர்மாலேந்து வந்தவங்களுக்கு வயசு சலுகை கீது. அதுலதான் எனக்கு இந்த வேலையே."

ஞானகுமாரி விறுவிறுவென்று கோயில் அறைக்குத் திரும்பினாள். ஜேம்ஸ் ரெஜிஸ்தரை மூடி அலமாரியில் வைத்துப் பூட்டிக்கொண்டிருந்தார். அவர் பிறந்தது பூந்தமல்லி இல்லை, மோல்மேன் என்று அவள் சொன்னாள். மூச்சு வாங்கியது. அவர் சினிமா டைரக்டர், அதையும் எழுதுங்கள் என்றாள்.

ஜேம்ஸ் அவளை மேலும் கீழும் பார்த்தார். அப்பனைப் பறிகொடுத்த பெண், அழுது அழுது ஏதோ பேசுகிறது என்று நினைத்திருப்பார். சாவியை இடுப்பில் செருகிக்கொண்டார்.

"எழுதி முடிச்சாச்சும்மா. பேப்பர் எதனா இருந்தா எடுத்துனு வா, அடிச்சு மாத்தி எழுதறேன்," என்றார்.